முதலாளி என் நிய்யத்தைப் புகழ்ந்தார், தேநீர் இறங்கவில்லை

கொட்டாஞ்சேனையிலிருந்து ஒரு சகோதரி ஒன்பது பக்கம் எழுதியிருக்கிறார். கணக்குப் புத்தகத் தாளில், கோடு தாண்டாத எழுத்து. வயது 46. புறக்கோட்டை நாலாம் குறுக்குத் தெருவில் செத்தல் மிளகாயும் வெங்காயமும் மொத்தமாக விற்கும் கடையொன்றில் பதினாலு வருடமாகக் கணக்குப் பார்க்கிறார். ஆளை அடையாளம் காண முடியாதபடி சிலவற்றை மாற்றி, கடிதத்தின் சாரத்தை முதலில் தருகிறேன்.

இவருடைய அண்ணா குடும்பம் வவுனியாவில் இருக்கிறது. அண்ணாவின் மகனுக்கு 24 வயது. கணினி கோர்ஸ் படிக்கக் கொழும்புக்கு வந்து, இவர் வீட்டு ஹோலில் தங்கியிருந்தான். கோர்ஸ் முடிந்தது, வேலை அமையவில்லை. 2023இல் தெரிந்த குடும்பம் ஒன்றின் மூலம் ஒரு ஏஜென்ட் அறிமுகமானார். தாய்லாந்தில் கம்ப்யூட்டர் வேலை, டொலரில் சம்பளம் என்றார். பையன் தயங்கினான். “போய் உன் வாழ்க்கையைப் பார்” என்று தள்ளியது இந்த மாமிதான். செட்டியார் தெருவில் நகையை அடகு வைத்து 12 இலட்சம் ரூபாய் கட்டியதும் இவர்தான். விசிட் விசாவில் பாங்கொக் போனவனை எல்லை ஆற்றுக்கு அந்தப் பக்கம், மியன்மாரின் மியாவடிக்குக் கடத்திக்கொண்டு போய்விட்டார்கள். காவல் போட்ட கட்டிடம், இணைய மோசடி வேலை, மறுத்தால் அடி. ஏழு மாதம் கழித்து, 2024இல் மீட்கப்பட்டு வந்தான். ஊருக்குப் போக வெட்கம் என்று மறுபடி அதே ஹோலில் இருக்கிறான். மச்சாள் வவுனியாவிலிருந்து போன் எடுத்து, “என்ர பிள்ளையை வித்துப்போட்டியள்” என்கிறார்.

இரண்டாவது கதை கடையில் நடந்தது. ஸ்டோர் பொறுப்பாளர் லொறிக்கு ஒரு சாக்கு, இரண்டு சாக்கு என்று ஒதுக்கிக்கொண்டிருந்தார். தராசுச் சீட்டையும் ஸ்டொக் புத்தகத்தையும் வைத்துப் பார்த்தபோது இவருக்குப் புரிந்துவிட்டது. ஒருநாள் முதலாளியிடம் போய்ச் சொன்னார். ஸ்டோர்காரரை அன்றைக்கே நிறுத்திவிட்டார்கள். 2022 நெருக்கடிக்குப் பிறகு மூடுகிற நிலையில் இருந்த கடை தப்பியது. இன்றைக்கும் பதினொரு பேருக்கு அங்கே சம்பளம் ஓடுகிறது. கடந்த நோன்பு காலத்தில் இப்தார் முடிந்து எல்லோரும் ப்ளேன்டீ குடித்துக்கொண்டிருந்தபோது, மூட்டை தூக்கும் நாட்டாமிமார் உட்படக் கடை முழுக்கக் கேட்க முதலாளி சொன்னாராம்: “செயல்கள் எல்லாம் நிய்யத்தைப் பொறுத்தது. இந்தப் பிள்ளையுடைய நிய்யத் சுத்தம், அதுதான் பரக்கத் வந்தது.” (நிய்யத் என்றால் மனதில் வைக்கிற எண்ணம், பரக்கத் என்றால் இறையருள்.)

வாயில் இருந்த தேநீர் இறங்கவில்லை என்று எழுதுகிறார். ஏனென்றால் அவர் புத்தகத்தைத் தூக்கிக்கொண்டு போனது, ஸ்டோர்காரருக்குச் சம்பளம் கூட்டி, தனக்குக் கூட்டாத அன்று பின்னேரம். “நேர்மை இல்லை ஐயா, எரிச்சல்” என்கிறார்.

அவருடைய கேள்வி இது: “மனம் சுத்தமாக இருந்த விஷயத்தில் ஒரு பிள்ளையின் வாழ்க்கை கெட்டது. மனம் அழுக்காக இருந்த விஷயத்தில் பதினொரு குடும்பம் சாப்பிடுகிறது. அப்படியென்றால் சரி, பிழை என்பது எங்கே இருக்கிறது? மனதிலா, முடிவிலா?” கூடவே மூன்று யோசனைகளையும் வைத்திருக்கிறார். சீதனமாக வந்த வவுனியாக் காணியை மருமகன் பெயரில் எழுதிக் கொடுப்பது, முதலாளியிடம் உண்மையான காரணத்தைச் சொல்லிவிட்டு வேலையை விடுவது, ஸ்டோர்காரரைத் தேடிப்போய் மன்னிப்புக் கேட்பது. அவர் இப்போது முகத்துவாரம் பக்கம் ஓட்டோ ஓடுகிறாராம்.

அன்புள்ள சகோதரி,

உங்கள் கடிதத்தை மூன்று தரம் வாசித்தேன். மூன்றாம் தரம் வாசிக்கும்போது பென்சிலால் இரண்டு இடத்தில் கோடு போட்டேன். நீங்கள் அழுத்தி எழுதிய இடங்கள் அவை இல்லை. போகிற போக்கில் ஒரு வரியில் சொல்லிவிட்டுத் தாண்டிப்போன இடங்கள். அவற்றுக்குப் பிறகு வருகிறேன்.

ஒரே சாக்கில் இரண்டு சரக்கு

கேள்வியை நீங்கள் மனதா முடிவா என்று வெட்டி வைத்திருக்கிறீர்கள். உலகத்தில் பெரிய தலைகளும் இதைத்தான் வெட்டிப் பார்த்தார்கள். ஜெர்மனியில் காண்ட் என்ற மெய்யியலாளர் 1785இல் எழுதியபோது உங்களுக்குப் பழக்கமான உதாரணத்தையே எடுத்தார்: ஒரு கடைக்காரன். விவரம் தெரியாதவர் வந்தாலும், சின்னப்பிள்ளை வந்தாலும் ஒரே விலைக்கு விற்கிறான். ஏமாற்றவில்லை. ஆனால் நேர்மைக்காக இல்லை, வாடிக்கை போய்விடும் என்ற கணக்கு. காண்ட் இதை என்ன சொல்கிறார்? ‘பிழை’ என்று சொல்லவில்லை. அவன் செய்தது கடமைக்கு ஒத்துத்தான் இருக்கிறது, ஆனால் அதற்காக அவனை ஒழுக்கசீலன் என்று மெச்ச இடமில்லை, அவ்வளவுதான்.

முக்கால் நூற்றாண்டு கழித்து இங்கிலாந்தில் மில், விளைவை வைத்தே செயலை அளக்க வேண்டும் என்று வாதிட்டவர். அவருடைய உதாரணம், நீரில் மூழ்குகிறவனைத் தூக்கி விடுகிற ஆள். கடமை என்று தூக்கினாலும் சரி, காசு கிடைக்கும் என்று தூக்கினாலும் சரி, செய்தது சரியான காரியம். காரணம் எதுவென்பது அந்த ஆளின் தரத்தைச் சொல்லும், செயலின் தரத்தை மாற்றாது என்றார்.

இந்த இருவரையும் பாடப்புத்தகம் எதிரெதிர்க் கட்சியில் உட்கார வைக்கும். உங்கள் கடை விஷயத்தில் மட்டும் இருவரும் ஒரே பக்கம் தலையாட்டுவார்கள் என்று நினைக்கிறேன். திருட்டைச் சொன்னது சரி. அதற்காகக் கிடைத்த புகழ் உங்களுக்கு உரியதா என்பது வேறு கேள்வி. நீங்கள் இரண்டையும் ஒரே சாக்கில் போட்டுத் தராசில் ஏற்றிவிட்டு, நிறை ஒத்துவரவில்லை என்று முழிக்கிறீர்கள். உங்கள் தொழிலில் வெங்காயத்தையும் செத்தல் மிளகாயையும் அப்படிச் சேர்த்து நிறுக்க விடுவீர்களா?

முதலாளி சொன்னதைப் பற்றியும் ஒரு வார்த்தை. நிய்யத் பற்றிய அந்த நபிமொழி, மனிதன் இறைவன் முன்னால் தன் எண்ணத்தைச் சோதிக்கச் சொல்வது. அடுத்தவர் எண்ணத்துக்கு நாம் சான்றிதழ் கொடுக்க அது உதவாது. முதலாளி அன்பில் சொல்லிவிட்டார். அவருக்கு உங்கள் மனம் தெரியாது. தெரியாத ஒன்றுக்கு அவர் கொடுத்த புகழைப் பொய்ச்சாட்சி மாதிரி நீங்கள் சுமக்கத் தேவையில்லை.

அந்த எட்டு மாதம்

பென்சில் கோடு போட்ட முதல் இடம், ஐந்தாம் பக்கம்: “எட்டு மாதமாகத் தெரியும், வாய் திறக்கவில்லை.”

சகோதரி, நீங்கள் அழுக்கைத் தேடியது அந்தப் பின்னேரத்தில். நான் தேடுவது அதற்கு முந்திய எட்டு மாதத்தில். எரிச்சலோடு சொன்னாலும் உண்மையைத்தான் சொன்னீர்கள், கையில் சீட்டு இருந்தது, சேர்த்து ஒன்றும் சொல்லவில்லை. (சேர்த்துச் சொல்லியிருந்தால் இந்தப் பதிலே வேறு மாதிரிப் போயிருக்கும்.) ஆனால் முதல் மாதத்திலேயே நீங்கள் அந்த மனிதரைத் தனியாகக் கூப்பிட்டு, “தம்பி, சீட்டு ஒத்துவரவில்லை, நிறுத்திவிடு” என்று சொல்லியிருக்கலாம். இல்லையென்றால் அப்போதே முதலாளியிடம் போயிருக்கலாம். நாலைந்து சாக்கோடு முடிந்திருக்கக்கூடிய விஷயம், வேலையே போகிற அளவுக்கு வளர்ந்தது. திருடியது அவர் பொறுப்பு, அதில் பங்கு கேட்காதீர்கள். ஆனால் ஏன் பேசாமல் இருந்தீர்கள் என்று என்னிடம் சொல்ல வேண்டாம், உங்களிடமே கேளுங்கள். வம்பு வேண்டாம் என்ற பயமா? இல்லை, ஒருநாள் உதவும் என்று மடியில் வைத்திருந்தீர்களா? பின்னது என்றால், சம்பள உயர்வு அன்று வந்தது திடீர் எரிச்சல் இல்லை.

இதை உங்களைக் குத்துவதற்காகச் சொல்லவில்லை. மன்னிப்புக் கேட்கப் போவதானால் எதற்காகக் கேட்கிறோம் என்று தெரிந்திருக்க வேண்டும். “உன்னைக் காட்டிக்கொடுத்தது பிழை” என்று கேட்டால் அது பொய்யாகிவிடும். அவரும் தன்னை அநியாயம் செய்யப்பட்டவர் என்று நினைத்துக்கொள்வார். “தெரிந்தவுடன் உன்னிடம் சொல்லாமல் இருந்தது பிழை” என்பதுதான் உண்மை.

இன்னொன்று. நீங்கள் கணக்கில் இருப்பவர் என்பதால் கேட்கிறேன். அவரை நிறுத்திய மாதத்தில் வேலை செய்த 19 நாள் சம்பளத்தை இன்னும் கொடுக்கவில்லை, கடைசி மூன்று மாதச் சேமலாப நிதிப் பணமும் கட்டவில்லை, “பிறகு பார்க்கலாம்” என்று முதலாளி சொன்னதாக எழுதியிருக்கிறீர்கள். ‘திருடனுக்கு அது எதற்கு’ என்றும் ஒரு வரி. இது தவறான எண்ணம். ஊழியர் சேமலாப நிதி 1958ஆம் ஆண்டின் 15ஆம் இலக்கச் சட்டத்தில் வருவது. ஊழியரின் பங்கு 8 வீதம், தொழில் தருநரின் பங்கு 12 வீதம். ஊழியர் நம்பிக்கைப் பொறுப்பு நிதிக்குத் தொழில் தருநர் கட்டுவது இன்னொரு 3 வீதம். திருட்டுக்காக வேலையை விட்டு நிறுத்தினாலும், வேலை செய்த மாதங்களுக்கு இதைக் கட்டாமல் விட முடியாது. செய்த வேலைக்குச் சம்பளமும் அப்படித்தான். கடைக்கு நட்டம் என்றால் அதற்கு வழி வேறு. அவர் தொழில் திணைக்களத்துக்குப் போய் ஒரு முறைப்பாடு எழுதினால் முதலாளிதான் பதில் சொல்ல வேண்டிவரும்.

ஏஜென்ட்

இரண்டாவது கோடு, மூன்றாம் பக்கம்: “கூட வேலை செய்யும் பிள்ளை பீரோவில் லைசன்ஸ் நம்பரைப் பார்க்கச் சொன்னது. தெரிந்த ஆட்கள் மூலம் வந்தவர்தானே என்று விட்டுவிட்டேன்.”

பீரோ என்று நீங்கள் சொல்வது வெளிநாட்டு வேலைவாய்ப்புப் பணியகம். உங்கள் மனம் சுத்தம் என்று நீங்கள் நம்பும் கதையில் இது இருக்கிறது. அதே பக்கத்தில், மகள் உயர்தரம் படிக்க ஹோல் வேண்டும், இவன் பகல் முழுக்கப் போனோடு சோபாவில் கிடந்தான், போனால் இடம் காலியாகும் என்றும் நினைத்தேன் என்று எழுதி, அதற்கு மேலே ஒரு கோடு இழுத்து வெட்டியிருக்கிறீர்கள். வெட்டினாலும் வாசிக்க முடிகிறது. அதில் பெரிய குற்றம் ஒன்றும் இல்லை. இரண்டு அறை வீட்டில் யாருக்கும் வரும் எண்ணம்தான். நாம் எடுக்கும் எந்த முடிவிலும் அன்பு மட்டும் தனியாக நிற்பதில்லை, கூட நாலு சரக்கு வந்து ஏறிக்கொள்ளும். அந்தக் கலப்பை வைத்து, ‘அப்படியென்றால் நான்தான் விற்றேன்’ என்று மச்சாளின் வார்த்தையை ஏற்றுக்கொள்ளாதீர்கள். விற்றவன் வேறு ஆள்.

ஆனால் லைசன்ஸ் நம்பர் விஷயம் அப்படி இல்லை. திருக்குறளில் தெரிந்துசெயல்வகை அதிகாரத்தில் ஒன்று இருக்கிறது: “நன்றாற்ற லுள்ளும் தவறுண்டு அவரவர் பண்பறிந் தாற்றாக் கடை.” நல்லது செய்வதிலும் தவறு வரும், ஆளை அறிந்து செய்யாவிட்டால். எனக்கு இது அனுபவத்தில் தெரியும். தொழிலுக்கு வந்த புதிதில் ஒரு தாயிடம், “மகனோடு இன்றைக்கே உட்கார்ந்து பேசுங்கள்” என்று சொல்லி அனுப்பினேன். பையன் எந்த நிலையில் இருக்கிறான் என்று நான் கேட்கவில்லை. அன்றிரவு பேச்சு முற்றி வீட்டை விட்டுப் போனவன், நாலு நாள் கழித்துத்தான் வந்தான். என் எண்ணத்தில் ஒரு குறையும் இருக்கவில்லை. கேட்க வேண்டியதைக் கேட்கவில்லை, அதுதான் குறை.

ஆக, மனம், முடிவு என்ற இரண்டுக்கும் நடுவில் ஒரு இடம் இருக்கிறது. அப்போது எனக்கு என்ன தெரிந்திருந்தது, ஒரு போன் போட்டால் என்ன தெரிந்திருக்கும், தெரிந்ததை வைத்து என்ன செய்தேன். உங்கள் இரண்டு கதையிலும் உண்மையான கணக்கு அங்கேதான் கிடக்கிறது. சட்டமும் கிட்டத்தட்ட அங்கேதான் பார்க்கும். நம் நாட்டுத் தண்டனைச் சட்டக்கோவையின் 298ஆம் பிரிவு, கொல்லும் எண்ணமே இல்லாமல் கவனயீனத்தால் மரணம் விளைவித்தவனையும் ஐந்து வருடம் வரை சிறைக்கு அனுப்ப இடம் தருகிறது. எண்ணம் இருந்தால் அது கொலை, வேறு பிரிவு, வேறு தண்டனை. எண்ணமும் இல்லை, கவனமும் குறையவில்லை என்றால் அது விபத்து.

உங்களுடையதை இந்த அளவில் வைத்துப் பார்த்தால், ஒரு போன் போடாத கவனக்குறைவு உங்கள் பங்கு. ஏமாற்றிக் கடத்தியதும் அடித்ததும் மற்றவர்களின் வேலை. 24 வயது மனிதன், தயங்கினாலும் தானே ஒப்பமிட்டுத் தானே விமானம் ஏறினான், அது அவனுடைய பங்கு. அதையும் நீங்களே எடுத்துக்கொண்டால் அவனைக் குழந்தையாக்குகிறீர்கள். உங்கள் பங்கு சின்னது, ஆனால் இருக்கிறது. “மாமி நல்ல மனதோடு செய்தவ, விடுங்கோ” என்று அக்கம்பக்கத்தார் சொல்லும்போது உங்களுக்கு ஆறுதல் வராததற்கும் இதுதான் காரணம்.

அக்கம்பக்கத்தார் சொல்வது முழுக்கச் சரியாக இருந்தாலும் ஆறுதல் வராது என்று ஒருவர் எழுதியிருக்கிறார். பேர்னார்ட் வில்லியம்ஸ் என்ற ஆங்கிலேய மெய்யியலாளர், 1976இல். அவருடைய உதாரணம் ஒரு லொறி ட்ரைவர். எந்தத் தவறும் இல்லாமல், குறுக்கே ஓடிவந்த பிள்ளையை அடித்துவிடுகிறார். ‘உன் பிழை இல்லை’ என்று எல்லோரும் சொல்லத்தான் வேண்டும். ஆனால் ட்ரைவர் உடனே “ஓம், என் பிழை இல்லைத்தான்” என்று தேநீருக்குப் போய்விட்டால் நமக்கே அவர் மேல் சந்தேகம் வரும். பார்த்துக்கொண்டு நின்றவனுக்கு வருகிற கவலை வேறு, தன் கையால் நடந்தவனுக்கு வருகிற கவலை வேறு. உங்களுக்கு வருவது இரண்டாவது. அதற்கு மாத்திரை தேட வேண்டாம். நித்திரையும் சாப்பாடும் போகும் அளவுக்கு வந்தால் மட்டும் வைத்தியரைப் பாருங்கள்.

எல்லாளன் உடைத்த கற்கள்

ஆராய்ச்சி மணி, பசு, கன்று, தேர்க்கால் கதை உங்களுக்குச் சின்ன வயதிலேயே சொல்லியிருப்பார்கள். திருவாரூரில் அது மனுநீதிச் சோழன். மகாவம்சத்தில் அதே கதை அநுராதபுரத்தில் 44 வருடம் ஆண்ட எல்லாளனுக்கு. மகன் வேண்டுமென்று கன்றைக் கொல்லவில்லை. ஆனாலும் அதே சக்கரத்தால் மகன் தலையை எடுக்கிறான் அரசன்.

அதே மகாவம்சத்தில் கொஞ்சம் தள்ளி இன்னொரு கதை இருக்கிறது, நம்மில் அதிகம் பேர் கேட்டதில்லை. எல்லாளன் மிகிந்தலைக்குத் தேரில் போகும்போது நுகத்தடியின் முனை பட்டு ஒரு தாதுகோபம் (புத்த தூபி) உடைகிறது. தெரியாமல் நடந்ததுதான். அமைச்சர்கள் சொன்னதும் அரசன் தேரிலிருந்து குதித்து வீதியில் விழுந்து, “என் தலையையும் சக்கரத்தால் வெட்டுங்கள்” என்கிறான். மகனுக்குச் செய்ததைத் தனக்கும் செய்யத் தயார். அமைச்சர்கள் மறுக்கிறார்கள். பிறருக்குத் துன்பம் செய்வதை எங்கள் ஆசான் புத்தர் விரும்புவதில்லை, தாதுகோபத்தைச் சீர்செய்து சமாதானமாகுங்கள் என்கிறார்கள். பெயர்ந்தவை பதினைந்து கற்கள். அவற்றைத் திரும்ப வைக்க அரசன் 15,000 கஹாபணம், அந்தக் காலத்து நாணயம், செலவழித்தான் என்று கணக்கோடு எழுதியிருக்கிறது.

நீங்கள் இப்போது இருப்பது வீதியில் விழுந்து கிடக்கும் கட்டத்தில். காணியை எழுதுகிறேன், வேலையை விடுகிறேன் என்பதெல்லாம் தலையை வெட்டச் சொல்வதுதான். எத்தனை கல் பெயர்ந்திருக்கிறது என்று இன்னும் எண்ணிப் பார்க்கவில்லை. வாருங்கள், எண்ணுவோம்.

காணி வேண்டாம், இப்போதைக்கு

நன்கொடை உறுதி எழுதி, பெறுபவர் ஏற்றுக்கொண்டுவிட்டால் பொதுவாகத் திருப்பி எடுப்பது லேசில்லை, நீதிமன்றம் வரை போக வேண்டிவரும். நொத்தாரிசிடம் போகுமுன் அதைத் தெரிந்துகொள்ளுங்கள். அதைவிடப் பெரிய விஷயம், அந்தக் காணி உங்கள் மகளுக்கு என்று வைத்தது. மருமகனுக்கு இழைத்த கவனக்குறைவை, மகளின் காசில் அடைக்கப் பார்க்கிறீர்கள். அவளிடம் கேட்டீர்களா? மருமகனிடம் கேட்டீர்களா? அவன் கேட்டது என்ன என்று நீங்களே எழுதியிருக்கிறீர்கள்: “ஒன்றும் வேண்டாம் மாமி, இரவில லைட்டை மட்டும் நிப்பாட்டாதேங்கோ.” ஒன்பது பக்கத்தில் அவன் வாயால் வந்த ஒரே வாக்கியம் அதுதான்.

லைட்டை எரிய விடுங்கள். மின்கட்டணத்துக்கு முணுமுணுக்காதீர்கள். போன் மணி அடித்தால் உடல் தூக்கிப்போடுகிறது என்றும் எழுதியிருக்கிறீர்கள். வீட்டுக்காரர்கள் எல்லோரும் ஹோலில் போனைச் சைலன்ட்டில் போட முடியும்தானே. இது அடிபட்டு வந்தவர்களுக்கு வரும் நோவு, நாடகம் இல்லை. 1926க்கு எடுத்தால் தேசிய மனநல நிறுவனத்தின் உதவி இணைப்பு, தமிழில் பேசலாம் என்று அவனிடம் சொல்லுங்கள். இலக்கத்தை ஒரு தாளில் எழுதி சோபா பக்கம் வைத்துவிட்டு நகருங்கள். கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு போகாதீர்கள், ஒருமுறை தள்ளிவிட்டது போதும்.

முதலாளியிடம் சொல்வதா?

என்னைக் கேட்டால், தேவையில்லை. எரிச்சலில்தான் சொன்னேன் என்று போய் ஒப்புக்கொண்டால் அவருக்கு என்ன பயன்? உங்கள் பாரம் இறங்கும், அவருக்கு ஒரு குழப்பம் ஏறும். வேலையை விட்டால் அந்தப் பதினொரு பேரின் சம்பளக் கணக்கை யார் பார்ப்பது? அடுத்தமுறை புகழ்ந்தால், “ஹாஜியார், அது நான் முந்தியே சொல்லியிருக்க வேண்டிய விஷயம்” என்று ஒரு வரி சொல்லுங்கள். அது பொய்யும் இல்லை, மேடையும் இல்லை.

அவரிடம் கட்டாயம் பேச வேண்டியது ஒன்று இருக்கிறது: ஸ்டோர்காரரின் 19 நாளும் மூன்று மாதமும். ‘பாவம், கொடுங்கள்’ என்று போகாதீர்கள். சட்டப்படி கட்ட வேண்டிய தொகை, தாமதமானால் கூடுதல் பணமும் சேரும் என்று கணக்கை ஒரு தாளில் எழுதிக்கொண்டு போங்கள், அதுதான் உங்கள் மொழி. பணம் வந்த பிறகு முகத்துவாரத்துக்குப் போய்ச் சீட்டைக் கையில் கொடுத்துவிட்டு, அந்த எட்டு மாதத்தைப் பற்றிச் சொல்லுங்கள். அவர் திட்டினால் கேட்டுக்கொண்டு வாருங்கள். மன்னிக்க வேண்டும் என்று எதிர்பார்த்துப் போகாதீர்கள், அது அவருடைய இஷ்டம்.

பெரிய கல்

நீங்கள் முறைப்பாடு செய்யவில்லை. வெட்கம் ஒன்று. ‘காசு கட்டி அனுப்பியது நான், என்னையும் பிடித்துவிடுவார்கள்’ என்ற பயம் மற்றது. ஒரு சதமும் கமிஷன் எடுக்காமல், ஏமாந்து காசு கட்டிய ஆள் முறைப்பாட்டாளர், சந்தேகநபர் இல்லை. வெளிநாட்டு வேலைக்கு ஆள் சேர்க்க 1985ஆம் ஆண்டின் 21ஆம் இலக்கச் சட்டப்படி அனுமதிப்பத்திரம் வேண்டும். அது இல்லாமல் சேர்த்தால் குற்றம் அந்த ஏஜென்ட் மேல். ஏமாற்றிக் கொண்டுபோய்க் கட்டாய வேலை வாங்குவது ஆட்கடத்தல், அது தனிக் குற்றம். ‘அவனே சம்மதித்துத்தானே போனான்’ என்று ஏஜென்ட் சொல்லக்கூடும். ஏமாற்றிப் பெற்ற சம்மதம் கணக்கில் வராது என்பது இலங்கை 2015இல் ஏற்றுக்கொண்ட ஐ.நா. உடன்படிக்கையிலேயே இருக்கிறது. மோசடி வேலை செய்ய வைக்கப்பட்டதால் மருமகனுக்கும் பயம் இருக்கும். அதனால் வாக்குமூலம் கொடுக்குமுன் இருவரும் ஒரு சட்டத்தரணியைப் பாருங்கள். வசதி இல்லையென்றால் புதுக்கடையில் சட்ட உதவி ஆணைக்குழு இருக்கிறது.

அவன் சம்மதிக்காமல் போக வேண்டாம், அவன் கதை அது. ஆனால் நீங்கள் கட்டிய 12 இலட்சம் உங்கள் கதை. அந்த வட்ஸ்அப் செய்திகளை அழிக்காதீர்கள், வங்கியில் போட்ட பகுதிக்குச் சிட்டை இருக்கிறது என்றீர்கள், அதைப் பிரதி எடுத்து வையுங்கள். வெளிநாட்டு வேலைவாய்ப்புப் பணியகத்தின் 1989க்கு எடுத்து, அந்த ஏஜென்டுக்கு அனுமதிப்பத்திரம் இருக்கிறதா என்று இப்போதாவது கேளுங்கள். ஏழு மாதம் உள்ளே கிடந்தவன் திரும்பி வந்தும் இவ்வளவு காலம் ஒருவரும் முறைப்பாடு எழுதவில்லை என்றால், அந்த மனிதர் கொழும்பில் இன்னொரு மாமியின் வீட்டில் உட்கார்ந்து தேநீர் குடித்துக்கொண்டிருக்கலாம். கடையில் தெரிந்தும் வாய் திறக்காத அந்த எட்டு மாதத்தை இங்கே இன்னொரு தடவை ஓட விடாதீர்கள். மச்சாளுக்கும் முறைப்பாட்டு இலக்கம் கையில் வந்த பிறகு நீங்களே போன் எடுங்கள். அதுவரை அவர் திட்டுவதைக் கேட்டுவிட்டு வையுங்கள், வாதாட வேண்டாம்.

செவ்வாய்க்கிழமை அரைநாள் லீவு போடுங்கள். முதலாளி காரணம் கேட்பார். மருமகனின் ஏஜென்டைப் பற்றி முறைப்பாடு எழுதப் போகிறேன் என்று உள்ளதைச் சொல்லுங்கள். நிய்யத் பற்றி மறுபடி ஏதாவது தொடங்கினாரென்றால், கோப்பையை முதலில் மேசையில் வைத்துவிடுங்கள்.